முதலில் நிபந்தனை, பிறகு மெட்டு

(புதுச்சேரியில் திரைப்பட ஆர்வலர் கூட்டமொன்றில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



உள்ளே வரும்போது ஒரு நண்பர் கேட்டார்: "குழந்தைப் படத்துக்கு மியூசிக் போடுவதில் பேச என்ன சார் இருக்கிறது? நாலு மணி, ரெண்டு புல்லாங்குழல், யாராவது வழுக்கி விழுந்தால் ஒரு டிரம் அடி. முடிந்தது." நான் பேசப்போவது அந்த மணியையும் டிரம்மையும் வேண்டாம் என்று சொன்னவர்களைப் பற்றித்தான். பிரான்சில் அப்படிச் சிலர் இருந்தார்கள், இருக்கிறார்கள். இந்த ஊரில் பிரெஞ்சு படித்தவர்கள் நிறையப் பேர் உண்டு. பெயர்களை நான் உச்சரிக்கும் அழகைக் கொஞ்சம் பொறுத்துக்கொள்ளுங்கள்.

கிரிக்குவிலிருந்து தொடங்குகிறேன்.

1990களின் நடுவில் யூசு ந்தூர் புகழின் உச்சியில் இருந்தார். செனெகல் நாட்டுப் பாடகர். 1994-இல் நேனே செரியோடு சேர்ந்து அவர் பாடிய 'செவன் செகண்ட்ஸ்' ஐரோப்பா முழுவதும் ஒலித்தது. பெரிய ஸ்டுடியோக்கள், கீபோர்டு, எலெக்ட்ரிக் கிட்டார் எல்லாம் அவருக்கு அன்றாடம். அவரிடம் மிஷல் ஒஸ்லோ என்ற பிரெஞ்சு அனிமேஷன் இயக்குநர் இசை கேட்டுப் போனார். ஒஸ்லோ எடுக்கவிருந்தது அவருடைய முதல் முழுநீளப் படம். அப்படியிருந்தும் ஒரு நிபந்தனை போட்டார்: ஆப்பிரிக்க மரபு வாத்தியங்கள் மட்டுமே ஒலிக்க வேண்டும்.

ஒஸ்லோவின் சிறுவயதில் ஒரு பகுதி மேற்கு ஆப்பிரிக்காவின் கினி நாட்டில் கழிந்தது. 'கிரிக்குவும் சூனியக்காரியும்' கதையும் அந்தப் பக்கத்துக் கிராமம் ஒன்றில்தான் நடக்கிறது. தாயின் வயிற்றுக்குள் இருந்தபடியே பேசி, தானே பிறந்து, தானே தொப்புள்கொடியை அறுத்துக்கொள்ளும் ஒரு பொடியன். ஊர் ஊற்றை வற்றவைத்தவள் என்று ஊரார் நம்பும் கராபா என்ற சூனியக்காரி. "அவள் ஏன் கெட்டவளாக இருக்கிறாள்?" என்று கேட்கத் தெரிந்த ஒரே ஆள் அந்தப் பொடியன்தான். பாத்திரங்களின் குரலைக்கூட டாக்கரில், ஆப்பிரிக்க உச்சரிப்புள்ள பிரெஞ்சில்தான் பதிவு செய்தார்கள்.

நிபந்தனை என்ன செய்தது என்று கேட்டுப் பாருங்கள். சுரைக்குடுக்கைகளின் மேல் மரக்கட்டைகளை வரிசையாகக் கட்டி அடிக்கும் பலாஃபோன், 21 தந்திகள் கொண்ட கோரா, ஒற்றைத் தந்தியில் வில் போட்டு வாசிக்கும் ரித்தி, ஒரு கையாலும் ஒரு குச்சியாலும் அடிக்கும் சபார். இவைதான் கையிருப்பு. இவற்றைக் கொண்டு ஹாலிவுட் பாணியில் வயலின்களை மேலே மேலே ஏற்றிக்கொண்டுபோய் "இப்போது அழு" என்று பிள்ளைக்கு உத்தரவு போட முடியாது. கோரா அப்படி எதையும் உத்தரவிடாது. ஊர் நடக்கிற வேகத்தில் அது நடக்கிறது. கிரிக்கு பிள்ளைகளைக் காப்பாற்றும்போதெல்லாம் அவர்கள் சேர்ந்து ஒரு பாட்டுப் பாடுவார்கள். சற்று முன்புவரை "நீ சின்னப் பயல், போ" என்று விரட்டியதும் அதே வாய்கள்தான். ஊரார் மனம் எப்படிப் புரளும் என்பதை அந்தக் குட்டிப் பாட்டு காட்டிவிடுகிறது. எந்தப் பாத்திரமும் அதை வாய்விட்டுச் சொல்லவில்லை.

1998 டிசம்பரில் படம் வெளிவந்தது. கிராமத்துப் பெண்கள் மார்பை மூடாமல் இருக்கிறார்கள் என்று வாங்கத் தயங்கியவர்கள் உண்டு. பிரான்சில் மட்டும் பத்து லட்சம் பேருக்கு மேல் தியேட்டரில் பார்த்தார்கள்.

என் பேச்சின் சாரத்தை இங்கேயே சொல்லிவிடுகிறேன். பிரெஞ்சுக் குழந்தைப் படங்களில் நல்ல இசை வந்த இடங்களைத் தேடிப் பார்த்தால், பெரும்பாலும் யாரோ ஒருவர் முதலில் ஒரு வேலி போட்டிருக்கிறார். இந்த வாத்தியம் கூடாது, வசனம் கூடாது, ஒரு குரல் போதும் என்று ஏதோ ஒன்று. சில நேரம் இயக்குநர் போடுகிறார், சில நேரம் இசையமைப்பாளரே போட்டுக்கொள்கிறார், பல நேரம் பணப்பற்றாக்குறை போடுகிறது. அந்த வேலிக்குள் நின்று எழுதியவைதான் நிற்கின்றன.

இதற்கு முன்னோடி என்று நான் கருதும் படம் குழந்தைகளுக்கான படமே அல்ல. குழந்தைகளைப் பற்றிய படம். 1933-இல் ழான் விகோ எடுத்த 'நடத்தைக்குப் பூஜ்யம்'. விடுதிப் பள்ளி ஒன்றில் பையன்கள் கலகம் செய்கிறார்கள். அரசு படத்தைத் தடை செய்தது. 1945 வரை பொதுவில் காட்டவே முடியவில்லை. அதில் ஒரு ராத்திரிக் காட்சி. படுக்கை அறையில் தலையணைச் சண்டை. தலையணைகள் கிழிந்து இறகு பறக்கிறது. படம் மெதுவாகிறது. இறகு மழைக்கு நடுவே பையன்கள் ஒருவனை நாற்காலியில் தூக்கிவைத்து ஊர்வலம் போகிறார்கள்.

இசை மொரீஸ் ழோபேர். அவர் செய்ததைக் கவனமாகக் கேளுங்கள். முதலில் அந்த ஊர்வலத்துக்கு ஒரு மெட்டு எழுதினார். பிறகு அந்த ஸ்கோரைக் கடைசி ஸ்வரத்திலிருந்து முதல் ஸ்வரம் வரை தலைகீழாகப் பிரதி எடுத்தார். வாத்தியக்காரர்கள் அந்தத் தலைகீழ்ப் பிரதியை வாசித்தார்கள். அந்த ஒலிப்பதிவைப் படத்தில் பின்னிருந்து முன்னாக ஓட்டினார். இரண்டு தடவை திருப்பியதில் மெட்டு நேராகிவிட்டது. ஸ்வர வரிசை சரியாக இருக்கிறது, ஆனால் ஒவ்வொரு ஸ்வரமும் தனித்தனியே தலைகீழாக இருக்கிறது. பியானோவில் ஒரு கட்டையை அழுத்தினால் முதலில் அடி, பிறகு தேய்வு. இங்கே தேய்விலிருந்து கிளம்பி வீங்கிக்கொண்டே வந்து அடியில் போய்ச் சட்டென்று நிற்கிறது. ஒலி மூச்சை உள்ளே இழுப்பதுபோல் இருக்கிறது. கம்ப்யூட்டரில் ஒரு பொத்தானை அழுத்தி இன்று இதைச் செய்யலாம். அன்றைக்கு ஒருவர் உட்கார்ந்து கையால் ஸ்கோரைத் திருப்பி எழுதினார்.

பையன்கள் பள்ளியைத் தலைகீழாக்குகிறார்கள், இசையும் தலைகீழாகிறது என்று விளக்கம் சொல்லலாம். எனக்கு அந்த விளக்கம் தேவைப்படவில்லை. தூக்கம் வராத ராத்திரியில் விடுதியில் கிடந்த எவருக்கும் அந்தச் சத்தம் தெரியும். ழோபேர் 1940 ஜூனில் போர்முனையில் இறந்தார், நாற்பது வயதில். அவர் போன பிறகு முப்பத்தைந்து ஆண்டுகள் கழித்து ஃபிரான்சுவா த்ரூஃபோ அவருடைய பழைய இசையைத் தேடி எடுத்துத் தன் படங்களில் வைத்தார். தியேர் என்ற சிற்றூரின் பள்ளிப் பிள்ளைகளைப் பற்றிய 'கைச்செலவுக் காசு' அவற்றில் ஒன்று, 1976.

அடுத்து, நம்மில் பலர் பார்த்திருக்கக்கூடிய படம். 1956-இல் அல்பேர் லமொரிஸ் எடுத்த 'சிவப்பு பலூன்'. பாரிஸின் மெனில்மோந்தான் பகுதி. ஒரு பையன், ஒரு பலூன். பலூன் அவனை நாய்க்குட்டி மாதிரி பின்தொடர்கிறது. பையன் லமொரிஸின் சொந்த மகன் பாஸ்கால். 34 நிமிடப் படம், வசனம் அங்கொன்று இங்கொன்று. அந்த மிகச் சில வார்த்தைகளை வைத்துக்கொண்டு சிறந்த மூலத் திரைக்கதைக்கான ஆஸ்கர் வாங்கினார்கள். எழுதுகிறவர்கள் யோசிக்க வேண்டிய விஷயம்.

வசனம் இல்லாவிட்டால் இசையின் தலையில் எல்லாப் பாரமும் விழும். அங்கேதான் பலர் சறுக்குகிறார்கள். பலூன் மேலே போனால் ஃப்ளூட் மேலே போகும், பையன் படி இறங்கினால் ஸ்வரமும் படி இறங்கும். கார்ட்டூன் உலகில் இதற்கு 'மிக்கி மௌசிங்' என்றே பெயர். 'சிவப்பு பலூன்' படத்துக்கு இசையமைத்த மொரீஸ் லெ ரூ யார் தெரியுமா? இசையமைப்பாளர் ஒலிவியே மெஸ்ஸியானிடம் படித்தவர். நவீன இசைக்காரர். பின்னாளில் பிரெஞ்சு வானொலியின் தேசிய ஆர்கெஸ்ட்ராவை ஏழு ஆண்டுகள் நடத்தியவர். அப்படிப்பட்டவர் ஒரு பலூனுக்கு எழுத உட்கார்ந்தபோது பலூனைத் துரத்தவில்லை. மழையில் பலூன் நனையாமலிருக்க வழிப்போக்கர்களின் குடைக்குள் ஒவ்வொருவராக மாறி மாறி ஒண்டிக்கொண்டு பையன் நடக்கிற இடத்தைப் பாருங்கள். சிரிப்பு மூட்டக்கூடிய இடம்தான். பார்க்கிற பிள்ளைகள் தாங்களாகவே சிரித்துக்கொள்கிறார்கள். இசையமைப்பாளர் அவர்களைக் கிச்சுகிச்சு மூட்ட வேண்டியிருக்கவில்லை.

பெரிய சங்கீதக்காரர்கள் குழந்தைகளுக்கு எழுதுவதை அந்த நாட்டில் யாரும் இறக்கமாக நினைக்கவில்லை. சினிமா தழைக்கும் முன்பே இந்தப் பழக்கம் உண்டு. தெபுஸி தன் மகளுக்காகப் பியானோத் துண்டுகள் எழுதினார். ரவேல் நண்பர் வீட்டுப் பிள்ளைகள் இருவர் சேர்ந்து வாசிக்க 'வாத்துப் பாட்டி' கதைகளுக்கு இசை எழுதினார். பின்னாளில் புலான்க் கதைப்புத்தக யானை பாபாருக்கும் இசை போட்டார். சினிமாக்காரர்கள் வந்தபோது வீட்டில் விளக்கு ஏற்கெனவே எரிந்துகொண்டிருந்தது.

'அரசனும் பறவையும்' பற்றி ஒரு மணி நேரம் தனியாகப் பேசலாம். சுருக்கமாகச் சொல்கிறேன். பால் கிரிமோவும் கவிஞர் ழாக் பிரெவேரும் 1940களில் தொடங்கிய அனிமேஷன் படம். கூட்டாளி ஒருவர் கிரிமோவின் சம்மதம் இல்லாமல் முடியாத படத்தை 1950களின் தொடக்கத்தில் வெளியிட்டுவிட்டார். கிரிமோ 1967-இல் உரிமையைத் திரும்பப் பெற்று, பொறுமையாகப் படத்தை மறுபடி செய்து, 1980-இல் கொண்டுவந்தார். அதற்குள் பிரெவேர் இறந்துவிட்டார். பழைய வடிவத்துக்குப் பாட்டு அமைத்த ஜோசப் கோஸ்மாவும் இறந்துவிட்டார். கோஸ்மாவின் பாட்டுகளை வைத்துக்கொண்டு, பின்னணி இசையைப் போலந்துக்காரர் வொய்ச்செக் கிலாரிடம் கொடுத்தார் கிரிமோ. முப்பது ஆண்டு இடைவெளியில் இரண்டு பேர் ஒரே படத்துக்கு எழுதியிருக்கிறார்கள். கிலாரின் பியானோ மெட்டு வரும் இடங்களைக் கேளுங்கள். அரண்மனை எவ்வளவு பிரம்மாண்டமானதோ அவ்வளவு சின்னது அந்த மெட்டு. கடைசியில் இடிபாடுகளுக்கு நடுவே ராட்சத இயந்திர மனிதன் கூண்டிலிருந்து ஒரு குஞ்சைத் திறந்துவிட்டு, அந்தக் கூண்டை நசுக்குவான். ஜப்பானின் அனிமேஷன் இயக்குநர்கள் தக்காஹதாவும் மியாசாக்கியும் இந்தப் படத்திலிருந்து கற்றோம் என்று சொல்லியிருக்கிறார்கள். ஆச்சரியமில்லை.

கொஞ்சம் இனிப்பான பக்கம் போவோம். 1968-இல் 'ஆஸ்டெரிக்ஸும் கிளியோபாத்ராவும்' கார்ட்டூன் வந்தது. இசை ழெரார் கால்வி. அதில் வில்லனும் அவன் ஆளும் விஷம் வைத்த கேக் செய்வது எப்படி என்று குஷியாக ஒரு பாட்டுப் பாடுவார்கள். பிரான்சில் பிள்ளைகள் ஆர்செனிக் என்ற சொல்லை வேதியியல் வகுப்புக்கு முன்பே இந்தப் பாட்டில் கற்றுக்கொள்கிறார்கள். இரண்டே ஆண்டு கழித்து 1970-இல் இயக்குநர் ழாக் தெமியின் 'கழுதைத் தோல்' வந்தது. அதில் இளவரசி காதல் கேக் செய்வது எப்படி என்று பாடுகிறாள். இசை மிஷல் லெக்ரான். இரண்டுமே சமையல் குறிப்புப் பாட்டு. ஒன்று கொல்வதற்கு, இன்னொன்று மணப்பதற்கு. தெமி முதலாவதைக் கேட்டுவிட்டுத்தான் இரண்டாவதை எழுதினார் என்று நான் சொல்லவில்லை. அருகருகே வைத்துக் கேளுங்கள் என்று மட்டும் சொல்கிறேன்.

'கழுதைத் தோல்' 17-ஆம் நூற்றாண்டில் ஷார்ல் பெரோ எழுதிய கதை. மனைவியை இழந்த அரசன் தன் சொந்த மகளையே மணக்க நினைக்கிறான். மகள் கழுதைத் தோலைப் போர்த்திக்கொண்டு ஓடிவிடுகிறாள். குழந்தைகளுக்குச் சொல்லக்கூடிய கதையா இது என்று நமக்கே கேட்கத் தோன்றும். தெமி அதை மறைக்கவில்லை. லெக்ரானின் பாட்டு அங்கே கைகொடுக்கிறது. அப்பாவை மணக்கக் கூடாது என்று தேவதை அம்மா இளவரசிக்குப் புத்தி சொல்வது ஒரு முழுப் பாட்டு. துள்ளலான, நாகரிகமான, கொஞ்சம் குறும்பான மெட்டு. சட்டம் ஒழுங்கு பற்றி ஒரு அத்தை கண்ணாடி முன் நின்றுகொண்டே பேசுவதுபோல. கேட்கிற பிள்ளைக்குச் செய்தி போய்ச் சேர்ந்துவிடும், பயம் போய்ச் சேராது. திரையில் தேவதையாக வருபவர் தெல்ஃபின் செரிக். பாடியது லெக்ரானின் அக்கா கிறிஸ்தியான். இளவரசியாக வரும் கத்ரீன் தெனவுக்குப் பாடியது ஆன் ழெர்மான். பின்னணிப் பாடகர் மரபு ஏதோ நமக்கு மட்டும் சொந்தம் என்று நினைத்துக்கொண்டிருக்கிறோம்.

கேக் பாட்டில் தெனவ் இரண்டு பேராகத் தெரிவார். தங்க உடையில் இளவரசி ஒருத்தி, கழுதைத் தோலோடு வேலைக்காரி ஒருத்தி. ஒரே ஆள் தனக்குத் தானே வாசித்துக் காட்டி, தானே செய்கிறாள். லெக்ரான் இசை ஆசிரியை நாதியா புலான்ழேயிடம் படித்தவர், ஜாஸிலும் ஊறியவர். பழைய பரோக் காலத்துப் பின்னலையும் ஜாஸ் துள்ளலையும் ஒரே பாட்டில் வைத்துவிட அவரால் முடியும். அந்தச் சமையல் குறிப்பு உண்மையான குறிப்பு என்பது இன்னொரு அழகு. பிரான்சில் பாட்டைப் போட்டுக்கொண்டு கேக் செய்து பார்க்கிற வீடுகள் இன்றும் உண்டு.

இசையமைப்பாளர்களின் இந்தத் துணிவுக்குப் பின்னால் இருக்கும் சட்டம் பற்றி இரண்டு வார்த்தை. சலிப்பாக இருக்கும் என்று முகம் சுளிக்காதீர்கள், கதை நன்றாகவே இருக்கும்.

1847-இல் பாரிஸில், ஷாம்ப்ஸ்-எலிஸே சாலையில் 'லெ அம்பாசதேர்' என்ற கஃபேயில் எர்னெஸ்ட் பூர்ழே என்ற பாடலாசிரியர் நண்பர்களோடு உட்கார்ந்திருந்தார். அவர்கள் எழுதிய பாட்டையே அங்கே பாடிக்கொண்டிருந்தார்கள். சர்க்கரைத் தண்ணீர் குடித்துவிட்டுக் காசு தர மாட்டோம் என்றார்கள். "எங்கள் பாட்டுக்கு நீ காசு தரவில்லை, உன் தண்ணீருக்கு நாங்கள் ஏன் தர வேண்டும்?" என்பது வாதம். வழக்கு நீதிமன்றம் போனது, பாட்டுக்காரர்கள் ஜெயித்தார்கள். அதிலிருந்து 1851-இல் பிறந்ததுதான் சாசெம் என்ற இசை உரிமைச் சங்கம். நூறு ஆண்டு கழித்து, 1957 மார்ச் 11 சட்டம் சினிமாவுக்கும் ஒரு முடிவு சொன்னது: ஒரு படத்துக்கென்று இசை எழுதியவர், திரைக்கதை எழுதியவரோடும் இயக்குநரோடும் சேர்ந்து அந்தப் படத்தின் ஆசிரியர்களில் ஒருவர். ஹாலிவுட்டில் இசையமைப்பாளர் பொதுவாகச் சம்பளத்துக்கு எழுதித் தருகிறார், சட்டப்படி ஆசிரியர் ஸ்டுடியோதான். பாரிஸில் அவர் படத்தின் பங்காளி. அதனால் எல்லாப் பிரெஞ்சு இசையும் உயர்ந்ததாகிவிடாது. அங்கேயும் குப்பை நிறைய வருகிறது. ஆனால் இயக்குநரோடு எதிரெதிரே உட்கார்ந்து "இந்த இடத்தில் இசை வேண்டாம்" என்று ஓர் இசையமைப்பாளர் சொல்வதற்கு இந்தச் சட்டம் முதுகெலும்பு தருகிறது.

பள்ளிகளும் தங்கள் பங்கைச் செய்கின்றன. 1994 முதல் 'பள்ளியும் சினிமாவும்' என்ற திட்டம் நடக்கிறது. ஆசிரியர்கள் பிள்ளைகளைப் பக்கத்துத் தியேட்டருக்குக் கூட்டிக்கொண்டு போய், ஆண்டுக்கு மூன்று படம், பருவத்துக்கு ஒன்றாகக் காட்டுகிறார்கள். 'சிவப்பு பலூன்', 'கழுதைத் தோல்', 'அரசனும் பறவையும்' எல்லாம் அந்தப் பட்டியலில் உண்டு. அப்பா ஏழு வயதில் கேட்ட பின்னணி இசையை மகளும் ஏழு வயதில் இருட்டில் உட்கார்ந்து கேட்கிறாள். குழந்தைப் படத்துக்கு இசை எழுதுகிறவருக்கு இதைவிடப் பெரிய சன்மானம் வேறு எங்கே கிடைக்கும்?

இனி புருனோ கூலே. இன்றைக்கு இருப்பவர்களில் நான் அதிகம் கேட்பது இவரைத்தான்.

1954-இல் பாரிஸில் பிறந்தவர். 1996-இல் 'மிக்ரோகோஸ்மோஸ்' என்ற படம் அவரை வெளியுலகுக்குக் காட்டியது. புல்வெளியில் பூச்சிகளின் ஒரு நாள். வர்ணனை கிட்டத்தட்ட இல்லை. மேகத்துக்கு மேலிருந்து கேமரா இறங்கி இறங்கிப் புல்லுக்குள் நுழைகிறது, ஒரு குழந்தையின் தனிக்குரல் பாடுகிறது. பின்னணி இசை என்று ஒரு பெரிய கம்பளத்தை விரித்துவிடாமல், பூச்சிகளின் சிறகொலியோடும் மழைத்துளி விழும் ஓசையோடும் கலந்து எழுதினார். பாசி மேல் இரண்டு நத்தைகள் ஒன்றையொன்று தழுவிக்கொள்ளும் காட்சியில் ஓபரா மேடையில் கேட்பது போன்ற பெண் குரல் எழும். சிரிக்க வேண்டுமா, உருக வேண்டுமா என்று தெரியாமல் பார்த்துக்கொண்டே இருப்போம். நத்தைக்கு இத்தனை மரியாதை கொடுத்த இசையமைப்பாளர் வேறு யாரும் எனக்குத் தெரியாது.

அந்தக் குழந்தைக் குரல் அவரை விடவே இல்லை. 2004-இல் கிறிஸ்தோஃப் பராத்தியே இயக்கிய 'லெ கோரிஸ்த்' வந்தது. 1945-இல் வந்த 'வானம்பாடிகளின் கூண்டு' என்ற பழைய படத்தின் மறு ஆக்கம். பராத்தியே கிளாசிக்கல் கிட்டார் படித்தவர், பாட்டு வரிகளை அவரே எழுதினார். கதை 1949-இல் நடக்கிறது. அடங்காத பையன்களை அடைத்துவைத்திருக்கும் விடுதிப் பள்ளிக்கு கிளெமான் மத்தியூ என்ற கண்காணிப்பாளர் வருகிறார். தோற்றுப்போன இசையமைப்பாளர். ஒவ்வொரு பையனையும் கூப்பிட்டுத் தெரிந்த பாட்டைப் பாடச் சொல்லி, நீ இந்தக் குரல், நீ அந்தக் குரல் என்று பிரிக்கிறார். குரலே சரியில்லாத ஒருவனை இசைத்தாள் பிடித்துக்கொண்டு நிற்கவைக்கிறார். ஆளை ஒதுக்கவில்லை. எனக்குப் படத்தில் மிகப் பிடித்த முடிவு அதுதான்.

திரையில் நாம் பார்க்கும் பையன்களின் வாயிலிருந்து வரும் பாட்டு லியோன் நகரத்தின் சென்-மார்க் சிறுவர் சேர்ந்திசைக் குழுவினுடையது. நடத்தியவர் நிக்கோலா போர்த். முக்கியப் பையன் மொராஞ்சாக வரும் ழான்-பத்திஸ்த் மோனியே மட்டும் அந்தக் குழுவிலேயே தனிக்குரல் பாடியவன், அதனால் அவனுக்கு அவன் குரலே. பையன்களின் குரலுக்கு ஆயுள் குறைவு. பன்னிரண்டு வயதில் உச்சத்துக்குப் போகும், ஓரிரு ஆண்டில் உடைந்துவிடும். கூலே அந்தக் குறுகிய காலத்தை நம்பி ஒரு முழுப் படத்தை எழுதினார்.

ஒரு காட்சியைப் பக்கத்தில் போய்ப் பார்ப்போம். ஊர்ப் பெரிய மனுஷி ஒருத்தி முன்னால் பையன்கள் பாடுகிறார்கள். மொராஞ் முன்பு செய்த தப்புக்காகக் குழுவிலிருந்து விலக்கப்பட்டிருக்கிறான். தூண் ஓரமாக உர்ரென்று நிற்கிறான். பாடுவது ராமோவின் மெட்டு, 18-ஆம் நூற்றாண்டுக்காரர். பாட்டு பாதியில் போகும்போது மத்தியூ கையைத் திருப்பி அவனைப் பார்த்து ஒரு சைகை காட்டுகிறார். வா, இது உன் இடம். பையன் ஒரு கணம் நம்பவில்லை, பிறகு பாடுகிறான். மன்னிப்புக் கேட்டதும் மன்னித்ததும் ஒரு தாள அளவுக்குள் முடிந்துவிடுகின்றன. வசனம் எழுதியிருந்தால் இரண்டு பக்கம் ஆகியிருக்கும், கெட்டும் போயிருக்கும். இங்கே கூலே புதிதாக எதையும் எழுதாமல் ராமோவுக்கு வழிவிட்டதையும் கவனியுங்கள்.

படத்தை பிரான்சில் எண்பது லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் பார்த்தார்கள். 'உன் பாதையைப் பார்' என்று பொருள்படும் பாட்டு ஆஸ்கருக்குப் பரிந்துரைக்கப்பட்டது. 2005 விழா மேடையில் பியான்சே அதைப் பிரெஞ்சிலேயே பாடினார். பழைய நாட்களை ஏக்கத்தோடு தடவிக்கொடுக்கும் படம் என்று அதைக் கிண்டல் செய்த விமரிசகர்கள் உண்டு. அவர்கள் சொல்வதில் பாதி எனக்குச் சம்மதம்தான். நத்தைக்கு எழுதிய கூலே இதில் இருப்பவரைவிடத் துணிச்சலானவர். ஆனால் சேர்ந்து பாடுவது என்றால் என்ன என்று ஒரு பிள்ளைக்குக் காட்ட இதைவிட நல்ல படம் கிடையாது.

பிறகு அவரை வெளிநாட்டார் கூப்பிட்டார்கள். அமெரிக்கப் படமான 'கோரலைன்', 2009. அதில் நீஸ் நகரத்துப் பிள்ளைகள் ஒரு மொழியிலும் இல்லாத, இட்டுக்கட்டிய சொற்களைப் பாடுகிறார்கள். பயப்பட ஒரு மொழி எதற்கு? அயர்லாந்தின் 'கெல்ஸ் ரகசியம்', 'கடலின் பாட்டு', 'வுல்ஃப்வாக்கர்ஸ்' மூன்றிலும் கீலா என்ற அயர்லாந்துக் குழுவோடு சேர்ந்து வேலை செய்தார். ஊருக்குப் போனால் அந்த ஊர்க்காரனை வாசிக்கச் சொல்வது அவர் வழக்கம்.

ஒஸ்லோவும் அப்படித்தான். 2006-இல் 'அசூரும் அஸ்மாரும்' படத்துக்கு லெபனானில் பிறந்த கேப்ரியேல் யாரெதிடம் போனார். ஒரு அரபுச் செவிலித்தாய், தன் மகனையும் எஜமானரின் வெள்ளைக்காரப் பிள்ளையையும் ஒரே தாலாட்டில் வளர்க்கிறாள். படத்தில் அரபியில் பேசுகிற இடங்களுக்கு ஒஸ்லோ வேண்டுமென்றே வசன வரி போடவில்லை. வந்தேறி உணர்கிற திகைப்பைப் பார்க்கிற பிள்ளையும் உணரட்டும் என்று விட்டுவிட்டார். கையைப் பிடித்துக் கூட்டிக்கொண்டு போக இசை மட்டும் இருக்கிறது.

கடைசியாக ஒரு படம். கரடி எர்னெஸ்ட், சுண்டெலி செலஸ்தீன். பெல்ஜியம் ஓவியர் கேப்ரியேல் வான்சானின் புத்தகங்களிலிருந்து வந்தவர்கள். 2012-இல் முதல் படம், 2022-இல் இரண்டாவது. இரண்டுக்கும் இசை வான்சான் கூர்த்துவா, ஜாஸ் மேடைகளில் மனோதர்மமாக வாசிக்கும் செல்லோ கலைஞர். படம் நீர்வண்ணம். ஓரங்களில் வெறும் வெள்ளைத்தாள் அப்படியே விடப்பட்டிருக்கும். இசையும் அதேபோல் ஓரங்களை நிரப்பாமல் விடுகிறது. இரண்டாவது படத்தின் கதையே இசைதான். எர்னெஸ்டின் வயலின் உடைந்துவிட, அதைச் சரிசெய்ய அவனுடைய சொந்த ஊரான ஷராபிக்குப் போகிறார்கள். அங்கே இசைக்குத் தடை. ஒரே ஒரு ஸ்வரத்துக்குத்தான் அனுமதி. நம் கணக்கில் சட்ஜமம் மட்டும். பாடுகிற பறவைகளையும் போலீஸ் துரத்துகிறது. கூர்த்துவாவின் நிலையை நினைத்துப் பாருங்கள்: இசை இல்லாத ஊருக்கு இசையமைக்க வேண்டும், ஒற்றை ஸ்வரத்தை வைத்துப் பிள்ளைகளைச் சிரிக்கவைக்க வேண்டும். இந்த உரையில் நான் சொல்லிவந்த வேலியையே அந்தப் படம் கதையாக்கிக்கொண்டது.

இந்த அரங்கில் குறும்படம் எடுக்கிற இளைஞர்கள் இருக்கிறீர்கள், கீபோர்டில் மெட்டுப் போடுகிறவர்களும் இருக்கிறீர்கள். உங்களுக்கு ஒரு வேண்டுகோள். பிள்ளைகளுக்கு ஒரு படம் செய்ய உட்கார்ந்தால், என்னென்ன வாத்தியம் வேண்டும் என்று பட்டியல் போடுவதற்கு முன்னால், எது கூடாது என்று இரண்டு பேரும் பேசி முடிவு செய்யுங்கள். அந்தப் பேச்சு ஒரு நாள் முழுக்க நீண்டாலும் நேரம் வீணில்லை.

பெற்றோருக்கும் ஒன்று. இன்னும் கால் மணி நேரத்தில் இதே அரங்கில் 'சிவப்பு பலூன்' திரையிடுகிறோம். 34 நிமிடம்தான். வெளியே விளையாடிக்கொண்டிருக்கும் பிள்ளைகளை உள்ளே கூப்பிடுங்கள். முன் வரிசையை அவர்களுக்கு விட்டுக்கொடுங்கள். படம் ஓடும்போது கதையை அவர்கள் காதில் விளக்காதீர்கள்.